ஆறாவது குரல்

எழுபத்தைந்தாம் வருஷத்தை ஒட்டி ஒரு கார்த்திகை மாதம். பாகூர் பக்கத்திலிருந்து கல்வராயன் மலைக்குப் போனோம். யார் யார் போனோம் என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

ஒன்று, எங்கள் மேஸ்திரி. கரும்பு வெட்டும் எங்கள் கூட்டத்துக்கு அவர்தான் தலைவர். இரண்டாவது, பக்கத்து ஊரான கரியமாணிக்கத்து ஆள். நெட்டையாக இருப்பார். வெட்டுவதில் அவரை மிஞ்ச ஆள் இல்லை. மூன்றாவது, எங்கள் கூட்டத்தில் கட்டு சுமக்கிறவர். நான்காவது, பாகூர் கடைத்தெருவில் இரும்புக் கடை வைத்திருந்த பாய். எங்கள் கத்திகள் எல்லாம் அவர் கடையில் வாங்கியவை. மலை பார்க்க வேண்டும் என்று அவரும் கிளம்பிவிட்டார். ஐந்தாவது நான். ஆறாவது என் தங்கை வீட்டுக்காரர். அவரும் எங்கள் கூட்டத்தில் வெட்டுகிறவர்தான். நான் அவரை மச்சான் என்பேன். அவரும் என்னை மச்சான் என்பார்.

வழி காட்டியவர் தனி. அவர் மலையில் பிறந்தவர். இரண்டு வருஷம் கீழே இறங்கி வந்து எங்களோடு கரும்பு வெட்டினார். அந்தக் கூலியில் புது வீடு கட்டியிருந்தார். கரும்பாலை அரவை ஆரம்பிப்பதற்குள் எல்லோரும் ஒரு நாள் வந்து தங்கிவிட்டுப் போக வேண்டும் என்று அவரே நேரில் வந்து கூப்பிட்டார்.

தங்கை அப்போது வயிற்றுப்பிள்ளைக்காரி. மலை என்றதும் அவளுக்குப் பிடிக்கவில்லை.

“வேணான்னா கேக்கவா போறீங்க? ஒண்ணா போறீங்க, ஒண்ணா வூடு வந்து சேருங்க” என்றாள். என்னைப் பார்த்துத்தான் சொன்னாள்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்ல வேண்டும். கரும்பு வெட்டுக் காலத்தில் இருட்டு பிரியும் முன்னே வரப்பில் நிற்போம். மேஸ்திரி லாந்தர் வெளிச்சத்தில் பெயர்த் தாளைப் பார்த்துக்கொண்டு எண்ணச் சொல்வார். கூட்டத்தில் இருபது பேர், ஆளுக்கு ஒரு எண் உண்டு; அங்கேயும் எனக்கு அஞ்சுதான். அவரவர் எண்ணை அவரவர் சத்தமாகச் சொல்ல வேண்டும். குரல் வராவிட்டால் அரைக் கூலி போய்விடும். யாராவது வர நேரமானால் பக்கத்தில் நிற்பவன் அவனுக்கும் சேர்த்துக் குரல் கொடுப்பான். தொண்டையைக் கொஞ்சம் மாற்றிக்கொண்டு கொடுப்பான். மேஸ்திரி தலை நிமிர மாட்டார். அவருக்கும் தெரியும் என்றுதான் நினைக்கிறேன். நான் மச்சானுக்கு எத்தனையோ நாள் கொடுத்திருக்கிறேன். அவரும் எனக்குக் கொடுத்திருக்கிறார். அதைத் தப்பு என்று நாங்கள் யாரும் நினைத்ததில்லை. கூடப் பிறந்தவனுக்குக் கை கொடுப்பது மாதிரிதான் அது.

விடியற்காலை பஸ் ஏறினோம். விழுப்புரத்தில் ஒரு மாற்று, கள்ளக்குறிச்சியில் ஒரு மாற்று. மலையடிக்குப் போகும்போது மதியம் தாண்டிவிட்டது. வழிகாட்டி அங்கே காத்துக்கொண்டிருந்தார். மூன்று மணி நேரம் நடை என்றார். எங்களுக்கு மூன்று மணி நேர நடை ஒரு பொருட்டா? ஆனால் எங்கள் ஊரில் மேடு என்றால் ஏரிக்கரைதான். அரை மணி நேரத்தில் பாய் உட்கார்ந்துவிட்டார்.

“இன்னா பாய், இரும்பு துரு புடிச்சிப் போச்சா?” என்றார் மச்சான்.

“நீ ஏறுடா. நான் ஓன் பின்னாலயே வந்து ஓன் காலப் புடிச்சி இழுக்கறன்.”

சிரித்துக்கொண்டே ஏறினோம். பாதை ஒருவர் போகும் அகலம். வளைந்து வளைந்து ஏறும். கீழே நடந்த பாதைக்கு நேர் மேலே கொஞ்ச நேரத்தில் நடந்துகொண்டிருப்போம். எட்டிப் பார்த்தால் கீழ்ப் பாதை தெரியும்.

நாலு மணி இருக்கும். மேகம் இறங்கியது. நான் அதுவரை அப்படிப் பார்த்ததில்லை. எங்கள் ஊர் மார்கழிப் பனி அதன் முன்னால் ஒன்றுமில்லை. நீட்டிய கை தெரியவில்லை. முன்னால் போகிற பாயின் முதுகு தெரியவில்லை.

“மேஸ்திரி, சுருட்ட அணையுங்க. மலையே காணோம்” என்று பின்னாலிருந்து மச்சான் சத்தம் போட்டார். எல்லோரும் சிரித்தார்கள்.

வழிகாட்டி சிரிக்கவில்லை. எங்களை நிறுத்தினார்.

“இனிமே சிரிப்பு வேணாங்க. இதுக்கு மேல ஒரு பக்கம் பள்ளம். ஒருத்தர் பின்னால ஒருத்தரா வாங்க. நான் அங்கங்க நின்னு கூப்புடுவேன். கரும்புல சொல்ற மாதிரி நம்பர் சொல்லுங்க. ஆறு குரலும் வந்தாத்தான் நான் காலெடுத்து வைப்பேன். ஒரு குரல் வரலன்னாலும் நிப்பேன்.”

அங்கேயே ஒரு தடவை எண்ணினோம். மேஸ்திரி “லாபம்” என்றார். நெல் அளக்கும்போது எங்கள் பக்கத்தில் ஒன்று என்று சொல்ல மாட்டார்கள், லாபம் என்றுதான் ஆரம்பிப்பார்கள். அவருக்கு அதே பழக்கம். ரெண்டு, மூணு, நாலு. நான் அஞ்சு. மச்சான் ஆறு. நடந்தோம்.

கொஞ்ச தூரம் போனதும் மச்சான் பின்னாலிருந்து, “மச்சான், ஒண்ணுக்குப் போயிட்டு வரேன். நீ நட, புடிச்சிடறேன்” என்றார்.

“நிக்கட்டுமா?”

“இதுக்கு இன்னாத்துக்கு ஆளு? நட.”

நடந்தேன். பாதை ஒரு வளைவு திரும்பி மேலே ஏறியது. அப்போது முன்னாலிருந்து கூப்பிட்டார்கள்.

“எண்ணுங்க!”

லாபம். ரெண்டு. மூணு. நாலு.

“அஞ்சு” என்றேன்.

பின்னாலிருந்து குரல் வரவில்லை. ஒரு மூச்சு விடும் நேரம். என் வாய் திறந்தது. தொண்டையைக் கொஞ்சம் இறக்கிக்கொண்டு, “ஆறு” என்றேன்.

யோசிக்கவில்லை. யோசித்துச் செய்தேன் என்று சொன்னால் அது பொய். வரப்பில் நின்று எத்தனை வருஷம் செய்ததோ அதை வாய் தானாகச் செய்துவிட்டது.

“சரி, வாங்க” என்று வழிகாட்டி நடந்தார்.

நானும் நடந்தேன். இருபது அடி போன பிறகுதான் மனதில் என்னமோ பட்டது. திரும்பி நின்று “மச்சான்” என்று கூப்பிட்டேன். பதில் இல்லை. இன்னொரு தடவை கூப்பிட்டேன். இரண்டு தடவையும் மெதுவாகத்தான் கூப்பிட்டேன். சத்தமாகக் கூப்பிட்டால் முன்னால் போகிறவர்களுக்குத் தெரிந்துவிடும் என்று வெட்கம். பின்னால் ஏதோ சரசரத்தது. வந்துகொண்டிருக்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். அந்த நேரம் நாய் குரைக்கும் சத்தம் கேட்டது. “ஊர் வந்துடுச்சு” என்று முன்னால் கத்தினார்கள். அதற்குப் பிறகு எண்ணவில்லை.

புது வீடு. மண் சுவர், புல் கூரை. குனிந்துதான் நுழைய வேண்டும். உள்ளே அடுப்பு எரிந்தது. வழிகாட்டியின் மனைவி இலை போட்டு வைத்திருந்தார். சாமைச் சோறு, மொச்சைக் குழம்பு. ஒவ்வொருவராகக் குனிந்து நுழைந்து கால் கையைத் துடைத்து உட்கார்ந்தோம். நான் வாசலைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்தேன். இதோ வருவார், இதோ வருவார் என்று.

அந்த அம்மா எல்லா இலைக்கும் சோறு வைத்துக்கொண்டு வந்தார். ஆறாவது இலைக்கு வைத்துவிட்டு நிமிர்ந்தார்.

“இந்த எலைக்கு ஆளு எங்கங்க?”

எல்லோரும் வாசலைப் பார்த்தோம். மேஸ்திரிதான் பேசினார்.

“பின்னால வந்தானே. குரல் குடுத்தானே. நான் கேட்டனே.”

“நானும் கேட்டேன். அதான நடந்தேன்” என்றார் வழிகாட்டி.

சோற்றில் ஆவி வந்துகொண்டிருந்தது. அதையே பார்த்துக்கொண்டு சொன்னேன்.

“அவன் குடுக்கல. நான்தான் குடுத்தன்.”

கரியமாணிக்கத்து ஆள் இலையிலிருந்து கையை எடுத்துவிட்டார். பாய், “யா அல்லா” என்றார். மேஸ்திரி என்னைப் பார்த்தார். அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

வழிகாட்டி ஒரு வார்த்தை திட்டவில்லை. கடைசியாக எந்த இடத்தில் அவர் குரலைக் கேட்டேன் என்று மட்டும் கேட்டார். சொன்னேன். எழுந்து போய் ஊரில் பத்துப் பேரைக் கூட்டிக்கொண்டு பந்தத்தோடு இறங்கினார். நாங்களும் எழுந்தோம்.

“நீங்க வராதீங்க. அப்புறம் உங்களையும் தேடணும்” என்றார்.

உட்கார்ந்தோம். மழை பிடித்துக்கொண்டது. பந்தம் நிற்கவில்லை. போனவர்கள் இரண்டு தடவை திரும்பி வந்து வேறு பந்தம் கட்டிக்கொண்டு போனார்கள். யாரும் சாப்பிடவில்லை. அந்த அம்மா ஐந்து இலையையும் எடுத்துவிட்டார். ஆறாவது இலையை எடுக்கவில்லை. அதன் மேல் ஒரு கூடையைக் கவிழ்த்து வைத்தார். அந்தக் கூடையைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். தங்கையிடம் என்ன சொல்வது என்றுகூட அப்போது தோன்றவில்லை. காதுக்குள் என் குரல்தான் கேட்டுக்கொண்டிருந்தது. ஆறு. ஆறு. அது அவர் குரல் மாதிரியேதான் இருந்தது.

விடிந்து மேகம் விலகியது. தூக்கிக்கொண்டு வந்தார்கள். மூங்கிலில் போர்வை கட்டி, அதில் கிடந்தார். வலது கால் முழங்காலுக்குக் கீழே திரும்பியிருந்தது. உதடு நீலம். உயிர் இருந்தது.

“எங்க கெடந்தாரு?” என்று பாய் கேட்டார்.

“நீங்க எண்ணின எடத்துக்கு நேர் கீழங்க. ரெண்டு ஆள் ஆழம்” என்றார் வழிகாட்டி.

நேர் கீழே. எங்களைப் பிடிக்க வேகமாக வந்திருக்கிறார். வளைவு தெரியாமல் நேராகக் காலை வைத்துவிட்டார். மார் அடிபட விழுந்ததில் மூச்சு அடைத்துக்கொண்டது. குரல் எழும்பவில்லை. ஆனால் காது கேட்டது.

அடுப்புக்குப் பக்கத்தில் படுக்கவைத்து உடம்பெல்லாம் தேய்த்தார்கள். சூடாகக் கஞ்சி ஊற்றினார்கள். கொஞ்ச நேரம் கழித்து என்னைத் தேடினார். பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். குரல் கரகரவென்று வந்தது.

“எண்ணச் சொல்லிக் கூப்புட்டது கேட்டுச்சு மச்சான். நம்பர் ஒண்ணொண்ணா வருது. நீ அஞ்சு சொல்லிட்ட. நான் வாயத் தொறக்கறன், காத்துதான் வருது. சரி, குரல் வரலன்னா நிப்பாங்கன்னு நெனச்சன். அப்பத்தான் மேல யாரோ ஆறுன்னாங்க.”

நான் போர்வையை இழுத்து அவர் மார் வரை மூடினேன்.

“ஒரு நிமிசம் எனக்கே ஒண்ணும் புரியல. நான் மேலதான் இருக்கறன் போலருக்கு, கீழ கெடக்கறது வேற எவனோன்னு நெனச்சிக்கினன்.”

பிறகு மேஸ்திரி பக்கம் திரும்பினார்.

“மேஸ்திரி, குரல் வந்துடுச்சு. கூலியப் போட்டுடுங்க” என்றார்.

யாருக்கும் சிரிப்பு வரவில்லை. மேஸ்திரி எழுந்து வெளியே போய்விட்டார்.

மலைக்காரர்கள் எட்டுப் பேர் மாற்றி மாற்றித் தூக்கிக் கீழே கொண்டுவந்து விட்டார்கள். ஆஸ்பத்திரியில் இரண்டு மாசம் இருந்தார். கால் கூடியது, ஆனால் கட்டையாகிவிட்டது. அதற்குப் பிறகு அவரால் வெட்டுக்கு வர முடியவில்லை. உட்கார்ந்த இடத்தில் கத்தி சாணை பிடித்துக் கொடுத்தார். வேலையும் சாணைக்கல்லும் பாய் கொடுத்தவை.

தங்கையிடம் நானே சொன்னேன். வேறு யாராவது சொல்லும் முன்னால் சொல்லிவிட வேண்டும் என்று வாசலிலேயே நின்று சொன்னேன். அவள் அழவில்லை.

“இன்னாத்துக்குண்ணா குடுத்த?” என்று கேட்டாள்.



அந்த வருஷம் வெட்டு ஆரம்பித்து நாலாவது நாளோ ஐந்தாவது நாளோ, ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டு வர எனக்கு நேரமாகிவிட்டது. இருட்டில் வரப்பு மேல் ஓடி வந்துகொண்டிருந்தேன். தூரத்தில் லாந்தர் தெரிந்தது. எண்ணிக்கொண்டிருந்தார்கள். லாபம், ரெண்டு, மூணு, நாலு. அடுத்தது என் எண். நான் இன்னும் இரண்டு கரும்புக் கொல்லை தாண்ட வேண்டும்.

“அஞ்சு” என்று ஒரு குரல் கேட்டது.

நல்ல மனதோடு யாரோ கொடுத்த குரல்தான். ஆனால் என் கால் அப்படியே நின்றுவிட்டது. நான் இங்கே இருக்கிறேன், அங்கே நான் வந்தாகிவிட்டது. இனி என்னை யாரும் தேட மாட்டார்கள். மச்சான் சொன்னது அப்போதுதான் முழுசாகப் புரிந்தது.

“நான் இன்னும் வரல! அஞ்சு வரல!” என்று கத்தினேன்.

லாந்தர் மேலே உயர்ந்தது. மேஸ்திரி முதல் தடவையாகத் தலை நிமிர்ந்து இருட்டுக்குள் பார்த்தார். அன்றைக்கு அரைக் கூலி போனது. அடுத்த நாளிலிருந்து லாந்தரைத் தூக்கி ஒவ்வொரு முகமாகப் பார்த்துத்தான் எண்ணினார்.

இப்போது எனக்கு வயதாகிவிட்டது. மச்சான் போய்ச் சேர்ந்துவிட்டார். என்னை ஒரு நாளும் அவர் குறை சொன்னதில்லை. இன்றைக்கும் எங்கேயாவது பஸ்ஸில், கல்யாண வீட்டில் ஆள் எண்ணினால் என் வாயைக் கையால் பொத்திக்கொள்கிறேன். மனிதனுக்குக் குரல் ஒன்றுதான். அன்று அந்த மலையில் என் தொண்டையிலிருந்து வந்த குரல்கள், இரண்டு.