தலை திறந்த நான்கு

சென்ற மாதம் என் கைப்பேசிக்கு ஒரு புகைப்படம் வந்தது. கோடு போட்ட பள்ளி நோட்டு ஒன்றின் பழுத்த பக்கம். பாதிப் பக்கம்தான் படத்தில் விழுந்திருந்தது. வரிக்கு வரி ஒரே எண்: 43433. அந்த நான்குகளின் தலை மூடாமல் திறந்திருந்தது. சிறு வயதிலிருந்து நான் நான்கை அப்படித்தான் எழுதுகிறேன். என் கையெழுத்து என்று பார்த்தவுடனே தெரிந்தது. கீழே என் பழைய அலுவலக நண்பர் நானாவின் மகள் கேட்டிருந்தாள்: "மாமா, அத்தாவோட பெட்டியில இருந்துச்சு. இது என்ன நம்பர்? அத்தா நெஜமாவே கம்யூனிஸ்ட்டா? இப்ப சொன்னா ஒண்ணும் ஆவாது லா." எழுந்து போய் வாசல் கதவு பூட்டியிருக்கிறதா என்று பார்த்தேன். எழுபத்தெட்டு வயதில், பட்டப்பகலில்.

எழுபதுகளில் நானாவும் நானும் பினாங்குத் துறைமுகத்துக்கு எதிரே ஒரு கப்பல் முகவர் அலுவலகத்தில் கணக்கெழுதும் கிராணிகளாக இருந்தோம். என்னைவிட ஆறேழு வயது மூத்தவர். தமிழ் முஸ்லிம்கள் அண்ணனை அழைப்பதுபோல் நானும் நானா என்றே அழைத்தேன். எங்கள் மேசைகளுக்கு மேலே ஐரோப்பாவின் பெரிய வரைபடம் தொங்கியது. ஹாம்பர்க், ராட்டர்டாம், ராஸ்டாக், கடான்ஸ்க் என்று ரப்பர் மூட்டைகள் போகும் துறைமுகங்களை மட்டும் அலுவலகத்தார் சிவப்பு மையால் வட்டமிட்டிருந்தார்கள். நானா அந்த நாடுகளைக் காதால் அறிந்தவர். ஜெலுத்தோங்கில் அவர் வீட்டில் பழைய சிற்றலை வானொலி ஒன்று இருந்தது. மாலையில் அதன் குமிழைத் திருகித் திருகி பிராக், புக்காரெஸ்ட், சுவிட்சர்லாந்து, கிழக்கு ஜெர்மனி என்று ஒவ்வொன்றாகப் பிடிப்பார். மறுநாள் வரைபடத்தின் முன் நின்று சொல்வார்: "பெர்லின்னு ஒரு ஊரு தம்பி, நடுவுல சுவர வெச்சி ரெண்டாப் பிரிச்சிட்டான். ஆனா ரெண்டு ரேடியோவும் ஒரே மழையத்தான் சொல்லுது." அந்த நாடுகளில் எது யார் பக்கம் என்று ஒருமுறை கேட்டேன். "எனக்கு ரெண்டே வகைதான். தெளிவாக் கேக்குற நாடு, எரைச்சலாக் கேக்குற நாடு" என்றார்.

ஒலிபரப்பு எப்படிக் கேட்கிறது என்று எழுதி அனுப்பினால் அந்த நிலையங்கள் நன்றி சொல்லிப் படம் போட்ட அட்டை அனுப்பும். அதற்கு ஐந்து மதிப்பெண் தரவேண்டும்: ஒலியின் வலிமை, பக்கத்து நிலையத்தின் குறுக்கீடு, இரைச்சல், ஒலி மங்கித் திரும்புவது, கடைசியாக மொத்தத் தரம். ஒவ்வொன்றுக்கும் ஒன்று முதல் ஐந்து வரை. நானா கண்ணை மூடி வானொலியில் காதை வைத்தபடி விரல்களை உயர்த்துவார். நான்கு விரல், மூன்று விரல், மறுபடி நான்கு. நான் ஐந்தையும் சேர்த்து 43433 என்பதுபோல் எழுதிக்கொள்வேன். என் ஆங்கிலம் அவருடையதைவிட நன்றாக இருந்ததால் கடிதம் என் கையெழுத்தில், கையொப்பம் அவருடையது. கார்பன் வைத்து நகல் எடுத்து அலுவலக இழுப்பறையில் வைத்திருந்தோம். ஒளிக்க வேண்டியவை என்று இருவருக்குமே தோன்றவில்லை.

காட்டில் கம்யூனிஸ்டுகளோடு சண்டை ஓயாத காலம் அது. கம்யூனிஸ்ட் நாடான கிழக்கு ஜெர்மனிக்கு ரப்பர் போவதில் யாருக்கும் குறையில்லை. ஆனால் அங்கிருந்து ஒரு கிராணிக்கு மாதாமாதம் அட்டை வருகிறது என்று யாரோ சொல்லிவிட்டார்கள். ஒரு வெள்ளிக்கிழமை காலை சாதாரண உடையில் போலீசார் இருவர் வந்தார்கள். இழுப்பறையைத் திறந்தார்கள். நானாவை முதலாளியின் அறையில் வைத்து வெகுநேரம் கேட்டார்கள். பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். இருவரில் ஒருவர் தமிழர், இதமாகவே பேசினார். "இது என்ன நம்பர் தம்பி? ரேடியோ மார்க்குன்னு சொல்றாரு உங்காளு. நீ கேட்டிருக்கியா?"

நகலில் இருந்த எண்ணெல்லாம் என் எழுத்து. ஆம், வானொலி மதிப்பெண்தான், நான்தான் எழுதினேன் என்று சொல்லியிருக்கலாம். நானா சொன்னது உண்மை என்று உறுதிசெய்ய இந்த ஊரில் என்னை விட்டால் ஆளில்லை.  

"தெரியாதுங்க சார்" என்றேன்.

சாயங்காலம் படிக்கட்டில் நானா என்னை நிறுத்தினார். அவர் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. "பயப்படாதே. எல்லாம் என் கையெழுத்துதான்னு சொல்லிட்டேன். நம்பல போல. திங்கக்கெழம வந்து எழுதிக் காட்டச் சொல்லியிருக்கான்." அவருடைய நான்கு தலை மூடிய முக்கோண நான்கு. அது இருவருக்குமே தெரியும். நான் ஒரு வார்த்தையும் பேசாமல் இறங்கி வந்துவிட்டேன்.

திங்கள் போனவர் இரண்டு மாதம் திரும்பவில்லை. எழுத்து பொருந்தாது, அடுத்து என்னைத் தேடி வருவார்கள் என்று அந்த இரண்டு மாதமும் சட்டையைக் கழற்றாமல் படுத்தேன். தெருவில் கார் நின்றால் விளக்கை அணைத்துவிடுவேன். அவர்கள் வரவேயில்லை. ஏன் வரவில்லை என்று யோசிக்கவும் அஞ்சினேன்.

வெளியே வந்த நானாவுக்கு அலுவலகம் வேலை தரவில்லை. ஜெலுத்தோங் பசாரில் வெங்காயம், உருளைக்கிழங்கு விற்றார். நான் பசாருக்குப் போவதையே நிறுத்தினேன். ஒருமுறை பேருந்து அங்கே நின்றபோது சன்னல் வழியே என்னைப் பார்த்துவிட்டார். தராசைக் கீழே வைத்துவிட்டு நான்கு விரலை உயர்த்தினார், சிரித்தபடி. நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். பின்னாளில் பெர்லின் சுவர் இடிந்தது. கிழக்கு ஜெர்மனி என்ற நாடே வரைபடத்தில் இல்லாமல் போனது. அப்போதும் நான் அவரிடம் போகவில்லை. இவ்வாண்டு அவர் இறந்தபோது ஜனாஸாவில்தான் போய் ஓரமாக நின்றேன். "அத்தாவோட ஆபீஸ் கூட்டாளியா?" என்று கேட்டு மகள் என் எண்ணை வாங்கிக்கொண்டாள்.

படத்துக்கு மூன்று நாள் பதில் போடவில்லை. நான்காம் நாள் வாடகைக் காரில் பினாங்கின் இரண்டாவது பாலத்தைக் கடந்து பத்து காவான் என்ற ஊரில் அவள் வீட்டுக்குப் போனேன்.  உட்காரும் முன்பே எல்லாவற்றையும் சொன்னேன். படிக்கட்டில் பேசாமல் இறங்கியதையும் சொன்னேன். நானா கைதானபோது அவளுக்கு ஆறு வயது. பள்ளியில் பிள்ளைகள் அவள் பக்கத்தில் உட்கார மாட்டார்களாம்.

"அப்ப அத்தா ஒண்ணுமே செய்யலயா?"

"ரேடியோ கேட்டாரும்மா. அவ்வளவுதான்."

"இத நீங்க அப்பவே சொல்லியிருக்கலாமே மாமா."

"சொல்லியிருக்கலாம்."

அவள் உள்ளே போய் அந்த நோட்டை எடுத்து வந்தாள். அவள் சிறுவயதுக் கணக்கு நோட்டு. கடைசிப் பக்கத்தைத் திறந்து வைத்தாள். முழுப் பக்கத்தையும் அப்போதுதான் பார்த்தேன். மேல் வரிகளில் 43433 நானாவின் கையில் இருந்தது, தலை மூடிய நான்குகள். நாலைந்து வரி கடந்ததும் நான்குகள் தடுமாறின. பாதி மூடி, பாதி திறந்து, சில அடித்துத் திருத்தப்பட்டு. பிறகு மெல்ல மெல்லத் தலை திறந்தன. பக்கத்தின் கீழ்ப்பாதி, படத்தில் வந்த பாதி, அச்சாக என் எழுத்து. அதில் ஒரு எண்ணைக்கூட நான் எழுதவில்லை. வெள்ளிக்கும் திங்களுக்கும் இடையில் இருந்த அந்த இரண்டு நாளில் மகளின் நோட்டை வைத்துக்கொண்டு உட்கார்ந்து நானா என் எழுத்தை எழுதிப் பழகியிருக்கிறார்.

அடியில் ஒரு வரி காலியாக இருந்தது. அவளிடம் பேனா கேட்டு வாங்கி, 43433 என்று எழுதினேன். அவள் நோட்டை வெளிச்சத்துக்குத் திருப்பி, என் வரியையும் அதற்கு மேலிருந்த வரியையும் மாறி மாறிப் பார்த்தாள். "எது மாமா உங்களோடது?" என்றாள். மை இன்னும் காயவில்லை. அது ஒன்றுதான் வித்தியாசம்.