ஈட்டில் கிடந்த வீடு

மாத்தளையிலிருந்து யட்டவத்த போகும் பஸ்ஸில் இடது பக்க ஜன்னலோரம் உட்கார்ந்தால் அந்த வீட்டின் கூரை ஒரு கணம் தெரியும். நான் வலது பக்கமாகவே உட்காருகிறேன். இரண்டு அறை, ஒரு கூடம், பின்னால் ஒரு சமையலறை, கிணற்றடியில் ஒரு கறுவா மரம். ஆறு வருடம் அதை எங்கள் வீடு என்று சொல்லிக்கொண்டிருந்தோம்.

நான் பிறந்தது தேயிலைத் தோட்டத்து லயத்தில், வரிசை வீடுகளின் ஒற்றை அறை ஒன்றில். அம்மா கொழுந்து பறித்தார். அந்த அறையின் சுவரில் ஓர் ஆணி அடிக்கக்கூட எங்களுக்கு உரிமை இல்லை என்பதை அம்மா அடிக்கடி சொல்வார். நான் படித்து, ஆசிரியையாகி, மாத்தளைப் பக்கம் ஒரு தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் வேலைக்குச் சேர்ந்த பிறகும் அந்தப் பேச்சு மாறவில்லை. என் கணவர் சீகிரியாவுக்குப் பக்கத்தில் ஒரு ஹோட்டலில் உணவு பரிமாறும் பகுதியில் வேலை செய்தார். வாரத்தில் ஆறு நாள் ஹோட்டல் குவாட்டர்ஸில் தங்குவார், ஒரு நாள் வீட்டுக்கு வருவார். அடிப்படைச் சம்பளம் பெரிதில்லை. ஆனால் சீசன் காலத்தில் சர்விஸ் சார்ஜ் என்று மாதா மாதம் ஒரு தொகை கைக்கு வரும். அதை நம்பித்தான் குடும்பம் ஓடியது. அதையும் வருமானமாகக் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம் என்று வங்கி சொன்னபோது எங்களுக்கு வானத்தில் பறக்காத குறை.

அம்மா ஓய்வுபெற்றதும் கைக்கு வந்த ஈ.பி.எஃப். பணத்தை அப்படியே எடுத்துக் கொடுத்தார். என் தாலிக்கொடியைத் தவிர மற்ற நகைகளும் போயின. மிச்சத்துக்கு வங்கிக் கடன். நாற்பது லட்சம், இருபது வருடம். கடன் பிரதானமாகக் கணவர் பெயரில், கூட்டாக நானும். வீட்டு உறுதி, அதாவது பத்திரம், வங்கியில் ஈடாக இருக்கும். கடன் வாங்கியவர் இறந்துபோனால் மிச்சக் கடனை அடைப்பதற்கு ஒரு காப்புறுதியும் அவர் பெயரில் எடுக்கச் சொன்னார்கள். பத்திரம் எழுதும் நொத்தாரிசு ஆங்கிலத்தில் வேகமாக வாசித்துக்கொண்டே போனார். நாங்கள் தலையாட்டிக்கொண்டே கையெழுத்துப் போட்டோம். மாதம் நாற்பத்தேழாயிரம் கட்ட முடியுமா என்பது ஒன்றுதான் எங்கள் யோசனை. முடியும் என்று பட்டது. அதற்கு மேல் எதையும் நாங்கள் கேட்கவில்லை; கேட்க வேண்டும் என்று தெரிந்திருக்கவும் இல்லை.

அம்மாவும் எங்களோடு குடிவந்தார். குடிபோன அன்று அவர் செய்த முதல் வேலை, கூடத்துச் சுவரில் ஓர் ஆணி அடித்தது. அதில் எதையும் மாட்டவில்லை. அடித்துவிட்டுத் தள்ளி நின்று பார்த்தார்.

இரண்டு வருடத்துக்குச் சற்று மேலாக ஒழுங்காகக் கட்டினோம். எங்கள் ஒரே மகளுக்குப் பள்ளிக்கூடம் போகக் காலுக்குப் புதுச் சப்பாத்து வாங்குவதைத் தள்ளிப்போட்டு, என் பல்வலியைத் தள்ளிப்போட்டு, கல்யாண வீடுகளுக்குப் போவதைக் குறைத்துக் கட்டினோம். பிறகு அந்த ஈஸ்டர் ஞாயிறன்று தேவாலயங்களிலும் ஹோட்டல்களிலும் குண்டுகள் வெடித்தன. வெளிநாட்டுக்காரர்கள் வருவது நின்றுபோனது. கொஞ்சம் தலை தூக்கும்போது கொரோனா வந்தது. ஹோட்டல் கதவை மூடிவிட்டு, அவரை அரைச் சம்பளத்துடன் வீட்டுக்கு அனுப்பினார்கள். சர்விஸ் சார்ஜ் என்ற பேச்சே இல்லாமல் போனது.

அந்தக் காலத்தில் வங்கி சலுகைக் காலம் கொடுத்தது. சில மாதங்கள் தவணை கட்ட வேண்டாம் என்றார்கள். அது முடிந்ததும் இன்னும் சில மாதங்கள் நீட்டினார்கள். தெய்வமே கண் திறந்ததாக நினைத்தோம். அந்த மாதங்களில் என் சம்பளத்தில் அரிசி, பருப்பு, மகளின் ஒன்லைன் வகுப்புக்கு டேட்டா எல்லாம் ஓடியது. கணவர் வீட்டில் இருந்தார், கிணற்றடியில் வெண்டிக்காய் போட்டார். உண்மையைச் சொன்னால், அந்த வீட்டில் நாங்கள் சந்தோசமாக இருந்தது அந்த நாட்களில்தான்.

நாடே பெட்ரோலுக்கும் காஸுக்கும் வரிசையில் நின்ற வருடத்தில் வங்கியிலிருந்து வரச் சொன்னார்கள். பள்ளிக்கூடம் முடிந்து கட்டியிருந்த சேலையோடு நேராகப் போனேன். கடன் பிரிவில் இருந்தவர் மாத்தளை முஸ்லிம் குடும்பத்துப் பெண், என்னைவிட வயதில் குறைந்தவர். அவருடைய தங்கை என்னிடம் படித்தவள். அதனால் மரியாதையாகப் பேசினார்.

"டீச்சர், வட்டி வீதம் மாறிட்டு. இனி மாசம் ஒரு லட்சம் போல வரும்."

எனக்குக் காது சரியாகக் கேட்கவில்லை என்று நினைத்தேன். "ஒரு லட்சமா? நாப்பத்தேழாயிரம்னுதானே எழுதிக் கொடுத்தீங்க?"

"அது ஆரம்பத்தில கொஞ்ச வருசத்துக்கு மட்டும், டீச்சர். அதுக்குப் பொறகு சந்தை வட்டி கூடினா இதுவும் கூடும். ஒப்பந்தத்தில எழுதி ஈக்கிது."

"சரி, நாங்க கட்டினது இருக்கே. நாப்பது லட்சத்துல இப்ப எவ்வளவு மிச்சம்?"

அவர் கம்ப்யூட்டரைப் பார்த்தார். பிறகு திரையை என் பக்கம் திருப்பாமல், என் முகத்தையே பார்த்துச் சொன்னார். "நாப்பத்தேழு லட்சத்துக்கு மேல நிக்கிது."

வாங்கியது நாற்பது. கட்டியது பதினொரு லட்சத்துக்கும் மேல். இருப்பது நாற்பத்தேழு. நான் கணித ஆசிரியை இல்லை, ஆனால் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்குக்கூட இந்தக் கணக்கு பிழை என்று தெரியும். அதை அப்படியே சொன்னேன். அவர் கோபப்படவில்லை. கதிரையை முன்னால் இழுத்துக்கொண்டு பொறுமையாக விளக்கினார்.

நாங்கள் கட்டிய முதல் தவணையில் நாற்பத்து மூவாயிரத்துக்கு மேல் வட்டிக்கே போயிருந்தது. வாங்கிய பணத்தைக் குறைத்தது வெறும் மூவாயிரத்து ஐந்நூறு ரூபாய்தான். ஆரம்ப வருடங்கள் எல்லாம் அப்படித்தான் போகும். கடைசி வருடங்களில்தான் அசல் வேகமாகக் குறையும். இரண்டு வருடம் வயிற்றைக் கட்டிக் கொடுத்ததில் ஒரு லட்சம்கூடக் குறையவில்லை. பிறகு அந்தச் சலுகைக் காலம். தவணை மட்டும்தான் நின்றிருந்தது, வட்டி நிற்கவில்லை. கட்டாத வட்டியெல்லாம் சேர்ந்து கடனோடு கடனாகியிருந்தது. இப்போது அந்த வட்டிக்கும் வட்டி.

"அப்ப, ஒரு தடங்கலும் இல்லாம பழைய வட்டியிலயே இருபது வருசமும் கட்டியிருந்தா?" என்று கேட்டேன்.

"ஒரு கோடியத் தாண்டும், டீச்சர்."

"நாப்பது லட்சத்துக்கா?"

"ஓம், டீச்சர்." கொஞ்சம் பொறுத்து, "ஆரும் இதக் கேக்கிறதில்ல. மாசம் எவ்வளவு எண்டுதான் கேப்பாங்க" என்றார்.

இன்னொரு வழியும் சொன்னார். கடனைக் கணவர் ஓய்வுபெறும் வயது வரைக்கும் நீட்டலாம். மாதத் தவணை கொஞ்சம் குறையும், மொத்தம் இன்னும் கூடும். யோசித்துச் சொல்கிறோம் என்று எழுந்தேன். வெளியே வந்து பஸ் நிலையத்தில் நின்றபோது, வந்த பஸ்ஸில் ஏறாமல் அப்படியே நின்றுகொண்டிருந்தேன். அழுகை வரவில்லை. யாரோ என்னை நன்றாக ஏமாற்றிவிட்டார்கள் என்று தோன்றியது. ஆனால் யார் என்று கைநீட்டிச் சொல்ல ஓர் ஆள் இல்லை. எல்லாமே கையெழுத்துப் போட்டு நடந்ததுதான்.

கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். "நீட்டிக்கலாம். வீட்டை மட்டும் விட்டுறக் கூடாது" என்றார். நீட்டினோம். ஹோட்டலை மறுபடி திறந்திருந்தார்கள், ஆனால் ஆட்கள் இல்லை. இருந்த ஒரு நாள் லீவிலும் அவர் வாடகை ஆட்டோ ஓட்டினார். தோட்டத்தில் இருந்த என் தம்பியிடமும் கைமாற்று வாங்கினோம். வீட்டுக்கு வந்தால் சாப்பிட்டுவிட்டுக் கூடத்தில் உட்கார்ந்து கூரையைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

அவருக்கு ஏற்கெனவே பிரஷர் இருந்தது. மாதாமாதம் மாத்தளை ஆஸ்பத்திரி கிளினிக்கில் நான்தான் அவருடைய மருந்தை வாங்குவேன். மருந்துக்கும் தட்டுப்பாடாக இருந்த நேரம். வரிசையில் அரை நாள் நின்று எடுத்து வருவேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், அவர் ஆட்டோவோடு போயிருந்தபோது, மழைக் காலத்துக்கு முன்னால் துணிகளை மடித்து வைக்கலாம் என்று அவருடைய அலமாரித் தட்டை ஒதுக்கினேன். பழைய யூனிஃபார்ம் கோட்டுக்கு அடியில் மருந்து உறைகள் இருந்தன. ஒன்றன்மேல் ஒன்றாக, பல மாதத்து உறைகள். ஒன்றைக்கூடப் பிரிக்கவில்லை.

மறந்துபோகிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். மத்தியானம் சாப்பிட வந்தார். அம்மா மகளைக் கூட்டிக்கொண்டு கோயிலுக்குப் போயிருந்தார். உறைகளை மேசையில் வைத்தேன்.

"என்னங்க இது?"

அவர் பார்த்தார். கையைக் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தார். சோற்றைப் பிசையத் தொடங்கினார்.

"ஏன் சாப்பிடல? காசு குடுத்தா வாங்குறோம்? சும்மா குடுக்கிற மருந்து."

"காசுக்கு இல்ல."

"பின்ன?"

ஹோட்டலுக்கு வந்தவர்களிடம் காலைச் சாப்பாட்டு நேரம் எத்தனை மணி வரைக்கும் என்று சொல்வாரே, அந்தக் குரலில் சொன்னார். "எனக்கு ஏதாச்சும் ஆச்சுன்னா இன்ஷூரன்ஸ் முழுக் கடனையும் கட்டிரும். நான் போய் விசாரிச்சேன். நானா ஏதும் செஞ்சுக்கிட்டாத்தான் சிக்கல். நோய் வருத்தத்துல போனா ஒண்ணுமில்ல. உங்க மூணு பேருக்கும் வீடு மிஞ்சும்."

நான் நின்ற இடத்திலேயே தரையில் உட்கார்ந்துவிட்டேன். கத்தினேனா, என்ன சொன்னேன் என்று எனக்குச் சரியாக நினைவில்லை. அவர் சாப்பாட்டை விட்டு எழுந்து வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். "வேற வழி தெரியல புள்ள" என்றார். கல்யாணமாகி அத்தனை வருடத்தில் அவர் அழுது நான் பார்த்தது அன்றுதான். ஹோட்டலில் சிரித்துச் சிரித்துப் பரிமாறிக்கொண்டு, உள்ளே இந்த எண்ணத்தைப் பல மாதமாகச் சுமந்துகொண்டிருந்திருக்கிறார். கடனுக்கு எவ்வளவு போகிறது என்று வங்கிப் பெண் எனக்குச் சொல்லியிருந்தார். இது அந்தக் கணக்கில் இல்லை.

"இந்த வீடு வேணாம்" என்றேன்.

"அத்தைக்கு என்ன பதில் சொல்றது?"

"நான் சொல்லிக்கிறேன். நீங்க மாத்திரையைப் போடுங்க. என் முன்னால போடுங்க."

போட்டார். அடுத்த வாரம் கிளினிக்குக்குக் கூட்டிக்கொண்டு போனேன். நடந்ததை டாக்டரிடமும் சொல்லவைத்தேன். டாக்டர் அவரைத் தனியாக ஒரு மனநல டாக்டரிடமும் அனுப்பினார். கணவர் என்னிடம் ஒரே ஒரு சத்தியம் வாங்கிக்கொண்டார். அம்மாவுக்கு இது தெரியக் கூடாது.

வீடு உடனே விலை போகவில்லை. எல்லோரும் கையில் இருந்ததையே விற்றுத் தின்றுகொண்டிருந்த காலம். கடைசியில் கொரியாவில் வேலை செய்து திரும்பிய ஒருவர் வந்தார். எங்கள் அவசரத்தைப் புரிந்துகொண்டு விலை பேசினார். வங்கியின் கடனை அடைத்து, முன்கூட்டியே அடைத்ததற்கு அவர்கள் கேட்ட கட்டணத்தையும் கட்டி, தம்பிக்குத் திருப்பிக் கொடுத்த பிறகு மிஞ்சியது அம்மாவின் பணத்தில் பாதிகூட இல்லை. அதைக் கொண்டுபோய் அம்மாவின் கையில் கொடுத்தேன்.

அம்மா வாங்கவில்லை. "என் ஆயுசு முழுக்க கொழுந்தெடுத்த காசுடி. உனக்குக் கட்டிக்காக்கத் தெரியல. கொஞ்சம் கஷ்டம் வந்ததும் வித்துட்ட" என்றார். மறுநாள் துணிப்பையை எடுத்துக்கொண்டு தோட்டத்துக்கு, தம்பியின் லயத்துக்குப் போய்விட்டார். நாங்கள் யட்டவத்தவில் வாடகைக்கு ஓர் இடம் பார்த்துக்கொண்டோம்.

விற்ற அடுத்த வருடம் வட்டி இறங்கத் தொடங்கியது. வெளிநாட்டுக்காரர்களும் வந்தார்கள், சர்விஸ் சார்ஜும் வந்தது. இன்னும் கொஞ்சம் பொறுத்திருந்தால் தப்பியிருப்போம் என்று ஊரில் பலர் சொன்னார்கள். கணவர் அதைக் கேட்கும்போதெல்லாம் என்னைப் பார்ப்பார். அந்தக் 'கொஞ்சம்' என்னவாக முடிந்திருக்கும் என்பது எங்கள் இருவருக்கும்தான் தெரியும்.

போன தீபாவளிக்கு அம்மா வந்தார். மகள் அழுது கூப்பிட்டதால் வந்தார். என்னோடு தேவைக்கு மட்டும் பேசினார். சாப்பிட்ட பிறகு வாடகை வீட்டின் ஈரம் ஊறிய சுவரைப் பார்த்து, "சொந்த வீட்டை வித்துப்புட்டு இதுலயா?" என்றார். சமையலறையில் நின்ற எனக்கு அது கேட்டது. கணவருக்கும் கேட்டது.

"அத்தை, அவளைச் சொல்லாதீங்க. வீடு போனது என்னாலதான்" என்றார்.

அம்மா அவரை ஏறிட்டுப் பார்த்தார். "என்ன மாப்பிள்ளை செஞ்சீங்க? குடிச்சீங்களா?"

நான் கையைத் துடைத்துக்கொண்டு சமையலறை வாசலுக்கு வந்துவிட்டேன். கணவர் என்னைப் பார்த்துத் தலையை மெல்ல ஆட்டினார், பேசாதே என்பதுபோல. பிறகு அம்மாவிடம், "ம்" என்றார்.

அம்மா போகும்போது என் கையைப் பிடித்துக்கொண்டு, "இத முதல்லயே சொல்லியிருக்கலாமேடி" என்றார். அதற்குப் பிறகு வாரா வாரம் எனக்குப் போன் எடுக்கிறார், சாப்பிட்டாயா என்று கேட்கிறார். வந்தால் எனக்கும் மகளுக்கும் ஏதாவது கொண்டு வருகிறார். என் கணவர் இருக்கும் பக்கம் மட்டும் திரும்புவதில்லை. அவர் போட்டுக் கொடுக்கும் தேத்தண்ணியையும் குடிப்பதில்லை.

ஒருநாள் பொறுக்க முடியாமல், "அம்மாகிட்ட உண்மையைச் சொல்லிரட்டா?" என்று கணவரிடம் கேட்டேன்.

"வேணாம். இது பரவாயில்ல" என்றார். மாத்திரையை வாயில் போட்டுத் தண்ணீர் குடித்துவிட்டு, சீகிரியா பஸ்ஸுக்கு நேரமாகிறதென்று கிளம்பிப் போனார்.