மாமா கொழுந்து பறித்த நாள்

எனக்கு எழுபத்து மூன்று வயதாகிறது. நான் பெற்றது ஐந்து, தங்கச்சி விட்டுவிட்டுப் போனது இரண்டு. ஏழையும் வளர்த்து ஆளாக்கினேன். படிப்பு மூன்றாம் வகுப்போடு நின்றது. பெயர் எழுதுவேன், பஸ் போர்டு வாசிப்பேன், அவ்வளவுதான். அதனால் நான் சொல்லச் சொல்லப் பேத்தி எழுதுகிறாள்.

படத்தில் நடிக்கிறவரை ஊருக்கே தெரியும். அந்தப் படத்தை நடத்திக் கொடுக்கிறவரை யாருக்குத் தெரியும்? என் தாய்மாமா நடத்திக் கொடுக்கிறவர். கொழும்பில் ஒரு படக் கம்பெனியில் வேலை. வண்டி பிடிப்பது, இடம் கேட்பது, அத்தனை பேருக்கும் சோறாக்க ஆள் வைப்பது, மழை வந்தால் கெமராவுக்குப் படுதா கட்டுவது எல்லாம் அவர் பொறுப்பு. பின்னால் டீவி வந்ததும் நாடகங்களை அவரே தயாரித்தார். கடைசியில் அவர் பெயர் ஓடும்போது வீட்டில் எல்லாரும் தேத்தண்ணி ஊற்ற எழுந்து போய்விடுவார்கள். நான் மட்டும் உட்கார்ந்திருப்பேன்.

எனக்கு ஒன்பது வயதில் அவர் முதன்முதலாக ஒரு படத்தை எங்கள் தோட்டத்துக்குக் கொண்டு வந்தார். திம்புள்ளப் பக்கத் தேயிலைத் தோட்டம். தோட்டத்தை நடத்துகிற துரை இரண்டு நாள் அனுமதி கொடுத்திருந்தார். முதல் நாள் தோட்டத்து வேலை கெட்டால் இரண்டாம் நாள் கிடையாது என்று பேச்சு. அதுவும் போனால் மாமாவுக்குக் கொழும்பிலும் வேலை இல்லை.

முதல் நாளே சாவுக் காட்சி. வரிசையாய் ஒட்டிக் கட்டின எங்கள் லயத்து வீட்டு வாசலில் பாடை கட்டி, எங்கள் தோட்டத்து ஆட்களையே மேளம் அடிக்க வைத்திருந்தார்கள். தோட்டத்தில் சாவு மேளம் கேட்டால், செத்தது யாராக இருந்தாலும் ஒருத்தியும் மலையில் நிற்க மாட்டாள். கொழுந்தை அப்படியே போட்டுவிட்டு இறங்கி வந்துவிடுவாள். அங்கேயே பிறந்த மாமாவுக்கு அது தெரியாதா? காலையிலேயே என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்:

“மேமலைக்கு ஓடிப்போயி கங்காணிகிட்ட சொல்லிட்டு வாம்மா. இன்னைக்கு மேளம் படத்துக்கு அடிக்கிறது, யாரும் சாகலைன்னு சொல்லணும். அதுக்கப்புறந்தான் மத்த வேலை, என்ன?”

“சரி மாமா” என்று ஓடினேன். பத்தடி ஓடியிருப்பேன். தண்ணீர் பிடிக்கிற பீலிக்குப் பக்கத்தில் நடிகையம்மாவை நாற்காலியில் உட்கார வைத்து முகத்துக்கு மை பூசிக்கொண்டிருந்தார்கள். சிவப்பான பொம்பளை. தோட்டத்துக்காரி மாதிரி தெரியவேண்டுமாம், அதனால் கறுப்பாக்குகிறார்கள். நாங்களோ திருவிழா வந்தால் பவுடரை அப்பிக்கொண்டு வெளுக்கப் பார்க்கிறவர்கள். இந்த அதிசயத்தை விட்டுவிட்டு யார் மலை ஏறுவது? நின்றேன். நின்றுகொண்டே இருந்தேன்.

மேளம் அடித்துவிட்டார்கள்.

மேலிருந்து முதலில் இறங்கி வந்தது என் அம்மா. அப்பா மூன்று நாளாய்க் காய்ச்சலில் கிடந்தார். லயத்துப் பக்கமிருந்து மேளம் கேட்டால் அவள் வேறென்ன நினைப்பாள்? தலைமுடி அவிழ, மாரில் அடித்துக்கொண்டு, “என்னைய விட்டுட்டுப் போயிட்டீகளே” என்று கத்திக்கொண்டு வந்தாள். பின்னால் ஐம்பது அறுபது பெண்கள். அப்பா கம்பளியைப் போர்த்திக்கொண்டு கூட்டத்தோடு நின்று ஷூட்டிங் பார்த்துக்கொண்டிருந்தார்.

அம்மா அவரைப் பார்த்தாள். அழுகை நின்றது.

“உசுரோடயா நிக்கிறீக?”

“ஏன், நிக்கக் கூடாதா?” என்றார் அப்பா.

கூட்டம் சிரித்தது. அம்மா சிரிக்கவில்லை. நேரே மாமாவிடம் போனாள். “சேதி சொல்லி அனுப்ப ஒரு நாய்கூடவாடா உனக்குக் கிடைக்கல?”

நான் அம்மாவுக்குப் பின்னால்தான் நின்றேன். அம்மா விறகுக் கட்டையை எடுத்தால் கணக்குப் பார்த்து அடிக்கிறவள் இல்லை. மாமா என் பக்கம் திரும்பவே இல்லை.

“நாந்தான்க்கா மறந்துட்டேன்” என்றார்.

அதற்குள் துரை மோட்டார் சைக்கிளில் வந்துவிட்டார். “யாரைக் கேட்டு மேளம் அடிச்சது? வேலை எல்லாம் நின்னு போச்சு. படம் போதும், லொறியில ஏத்து!”

டைரக்டர் ஐயா குடைக்குக் கீழே ஒதுங்கிக்கொண்டார். மாமா முன்னால் போனார்.

“குத்தம் என்னோடதுங்க ஐயா. மலைக்குச் சொல்லி அனுப்ப மறந்துட்டேன். சாயந்தரம் கொழுந்து நிறுக்கிறப்போ ஒரு கிள்ளு குறைஞ்சாலும் நாங்களே லொறிய எடுத்துக்கிட்டுப் போயிடுறோம்.”

துரை கையிலிருந்த கடிகாரத்தைப் பார்த்தார், மலையைப் பார்த்தார், “சாயந்தரம் பார்ப்போம்” என்று போய்விட்டார்.

மாமா பெண்களிடம் ஒவ்வொருவராகப் போய், திரும்ப மலை ஏறும்படி கைகூப்பிக் கேட்டார். கடைசியில் அம்மாவிடம். அம்மா கூடையை மாட்டிக்கொண்டாள். மாமாவும் கால்சட்டையை மடித்துவிட்டு, தலையில் கூடைக் கயிற்றை மாட்டிக்கொண்டு, லைட் பிடிக்கிற ஆட்கள் நாலு பேரையும் இழுத்துக்கொண்டு மலை ஏறினார். எங்கள் பக்கம் ஆம்பளைகள் செடியைக் கவ்வாத்து வெட்டுவார்கள், முள்ளால் மண்ணைக் குத்திக் கிளறுவார்கள். கொழுந்துக் கூடை சுமந்து யார் பார்த்தது?

“கொழும்பு மாப்பிள்ளைக்குக் கொழுந்து எதுன்னு தெரியுமா, மரத்தோட புடுங்குவாரா?” என்றாள் ஒருத்தி.

“திட்டுங்கக்கா, பறிச்சுக்கிட்டே திட்டுங்க” என்றார் மாமா.

சாயந்தரம் கொழுந்தை நிறுத்தபோது எடை குறையவில்லை. இரண்டாம் நாளும் கிடைத்தது. படமும் முடிந்தது. மாமா இறங்கி வந்தபோது விரலெல்லாம் கொழுந்துக் கறை, முதுகு நிமிரவில்லை. நான் செம்பில் தண்ணீர் கொண்டுபோய்க் கொடுத்தேன். குடித்துவிட்டு என் தலையைத் தடவினார். ஒரு வார்த்தை கேட்கவில்லை.

பாவம், மாமாவுக்கு ஞாபக மறதி என்று நான் நினைத்துக்கொண்டேன். என்னிடம் சொல்லி அனுப்பியதே அவருக்கு நினைவில்லை, இந்த மறதியை வைத்துக்கொண்டு எப்படிப் படம் எடுக்கப் போகிறார் என்று வெகுகாலம் அவரைக் கொஞ்சம் மட்டமாகவேகூட எண்ணியிருந்தேன்.

கல்யாணமாகி, மூத்தவனை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒரு தடவை கொழும்பில் அவர் ஆபீசுக்குப் போனேன். அங்கே வேலை பார்த்த பிள்ளை என்னிடம் சிரித்துக்கொண்டே முறையிட்டாள்: “உங்க மாமா எதையும் ஒரு ஆள்கிட்ட மட்டும் சொல்லவே மாட்டாருங்க. முதல்ல ஒருத்தரை அனுப்புவாரு. அவருக்குத் தெரியாம பின்னாலயே இன்னொருத்தரையும் அனுப்புவாரு. இத்தனை வருசத்துல ஒரு ஷூட்டிங்கூட நின்னதில்ல.”

மாமா காகிதத்திலிருந்து தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார். “தேத்தண்ணி குடிக்கிறியாம்மா?” என்று மட்டும் கேட்டார். எனக்கு அன்றைய மேளம் காதில் கேட்டது. மகனைக் கீழே இறக்கிவிட்டு, தலையை மட்டும் ஆட்டினேன்.

எழுதிட்டியா கண்ணு? சரி, முதல்ல இருந்து வாசி. நான் மலைக்குப் போகாம நின்ன இடம் வர்றப்போ வேகமா ஓட்டிடாத. நிறுத்தி வாசி.