அண்ணன் வெட்டிய வரி

எண்பதுகளின் தொடக்கத்தில் நானும் என் அண்ணனும் ஒரு தமிழ் நாளிதழின் ஞாயிறு பதிப்பில் தபால்தலை சேர்ப்பதைப் பற்றி எழுதிக்கொண்டிருந்தோம். மாதம் இரண்டு கட்டுரை. மேலே அவர் பெயர், கீழே தங்கையான என் பெயர். சேர்ந்து எழுதினோம் என்கிறேனே, அது எந்த லட்சணத்தில் நடந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். அண்ணன் சாய்வு நாற்காலியில் காலை ஆட்டிக்கொண்டு பேசுவார். நான் சாப்பாட்டு மேசையில் பள்ளிக்கூட நோட்டுப்புத்தகத்தை விரித்து எழுதுவேன். அவர் சொன்னதில் பாதி தப்பாக இருக்கும். நான் நூலகத்துக்குப் போய்ச் சரிபார்த்து, படிக்கிற மாதிரி திருப்பி எழுதி அவரிடம் நீட்டுவேன். அவர் நோட்டிலேயே நீல மையில் நான்கு சொற்களை அடித்து, இரண்டைச் சேர்ப்பார்; நான் அதைத் தாளில் படியெடுத்துக் கொடுத்ததும் உறையில் போட்டு அனுப்பிவிடுவார். நோகாமல் நோன்பு கும்பிடுவது என்றால் அதுதான்.

ஆனால் ஆல்பங்கள் அவருடையவை, அதை நான் மறுக்கவில்லை. பினாங்கின் வண்ணத்துப்பூச்சி வரிசையை ஒன்றுகூட விடாமல் வைத்திருந்தார். ஒரு தபால்தலையை இடுக்கியால் தூக்கி வெளிச்சத்தில் பார்க்கும்போது மூச்சையே அடக்கிக்கொள்வார். எனக்கு அந்தப் பித்து கொஞ்சம்தான். அவற்றைப் பற்றி எழுதுவதுதான் எனக்குப் பிடித்தது. கோயில் வாசலில் யாராவது, "உங்க கட்டுரை படிச்சேன், ரொம்ப நல்லா இருந்துச்சி," என்றால் அண்ணன்தான் சிரித்துக்கொண்டு நன்றி சொல்வார். நான் பக்கத்தில் செருப்பைத் தேடிக்கொண்டிருப்பேன்.

ஒரு முறை, பழைய உறைகளிலிருந்து தபால்தலையைப் பிரித்தெடுப்பது எப்படி என்று எழுதினோம். உறையின் மூலையை வெட்டி, வெதுவெதுப்பான தண்ணீரில் பத்து நிமிடம் போட்டால் தானாகக் கழன்று வரும் என்பது செய்முறை. அதன் கீழே நான் இன்னொரு வரி எழுதியிருந்தேன்: "ஜப்பான்காரர் காலத்துத் தபால்தலைகளை மட்டும் தண்ணீரில் போடாதீர்கள், மேலே குத்தியிருக்கும் சிவப்புச் சாப்பு கரைந்துவிடும்." ஜப்பான்காரர் எங்கள் பினாங்குத் தீவைப் பிடித்தபோது, அஞ்சலகத்தில் இருந்த வெள்ளைக்கார ராஜாவின் தபால்தலைகள் மேலேயே தங்கள் சாப்பை, அதாவது முத்திரையை, கையால் குத்தி விற்றார்கள். அப்படிப்பட்ட உறைகள் இங்கே பல வீட்டு அலமாரிகளில் கிடந்தன. பினாங்கில் உட்கார்ந்து எழுதுகிறவர்கள் இதைச் சொல்லாமல் விடலாமா?

அண்ணன் விட்டார். பத்திரிகை கொடுத்தது இரண்டு பக்கம். பட்டர்வொர்த் போகும் பெர்ரிப் படகில் ஒரு மாலுமியிடம் பேசிப் பேசியே ஒரு தபால்தலையை வாங்கிய தன் வீரக்கதையை அதில் நுழைக்க வேண்டியிருந்தது. இடம் போதவில்லை. என் வரியின் மேல் நீலக் கோடு விழுந்தது.

"அண்ணே, அது முக்கியமான விஷயம்."

"ஜப்பான்காரன் ஸ்டாம்பு எத்தன பேரு வீட்டுல இருக்கும்? சும்மா போரடிக்காத லா."

கட்டுரை வந்து மூன்று வாரம் கழித்து ஒரு பெண்மணி எங்கள் வீட்டைத் தேடிக்கொண்டு வந்தார். நாற்பது வயதிருக்கும். ஜெலுத்தோங் பிளாட்டில் குடியிருந்து தையல் வேலை செய்கிறவர். கைப்பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்து மேசைமேல் வைத்தார். அதற்குள் மூலை வெட்டப்பட்ட பழைய கடித உறையும், ஒரு தபால்தலையும் இருந்தன. ராஜாவின் முகம் அப்படியே இருந்தது. சாப்பு இருந்த இடத்தில் வெளிறிய சிவப்புக் கறை. ஜப்பான்காரர் காலத்தில் தைப்பிங்குக்கு வேலைக்குப் போன அவருடைய அப்பா, அம்மாவுக்குப் போட்ட ஒரே கடிதம் அது. அப்பா திரும்பி வரவில்லை. அவர் இருந்ததற்கு வீட்டில் வேறு அடையாளமும் இல்லை. அதைப் பத்திரமாக ஆல்பத்தில் வைக்கலாம் என்றுதான் பிரித்திருக்கிறார்.

"நீங்க எழுதுன மாதிரியேதான் செஞ்சேன், தம்பி. பத்து நிமிசங்கூட வைக்கல," என்று அண்ணனைப் பார்த்துச் சொன்னார். அவர் குரலில் கோபம் இல்லை. அதுதான் தாங்க முடியவில்லை.

அண்ணன் ஒரு கணம்கூடத் தயங்கவில்லை. "அந்தப் பகுதி தங்கச்சி எழுதுனது அக்கா. நான் ஒரு தடவ பாத்திருந்தா விட்டிருக்க மாட்டேன்," என்றார்.

நான் தேநீர்க் கோப்பையோடு நின்றுகொண்டிருந்தேன். விருந்தாளி முன்னால் அண்ணனை எதிர்த்துப் பேசக் கூடாது என்று வளர்ந்தவள். பாவம் ஓரிடம் பழி ஓரிடம் என்று மனசுக்குள் பொருமிக்கொண்டே, கோப்பையை அந்தப் பெண்மணி கையில் கொடுத்து, "மன்னிச்சிருங்க அக்கா," என்று சொல்லித் தொலைத்தேன். இன்றைக்கு நினைத்தாலும் என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

அன்று மாலையே ஒரு திருத்தம் எழுதினேன். இன்னும் எத்தனை வீட்டில் எத்தனை உறை தண்ணீருக்குள் போகக் காத்திருக்கிறதோ! "நாங்கள் முக்கியமான ஓர் எச்சரிக்கையை விட்டுவிட்டோம், வாசகர்கள் எங்களை மன்னிக்க வேண்டும்" என்று, யார் வெட்டியது என்றுகூடச் சொல்லாமல், இரண்டு பேருக்கும் பொதுவாகவே எழுதினேன். வழக்கம்போல அனுப்புவதற்கு அண்ணனிடம் கொடுத்தேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை திருத்தம் வந்தது. "நாங்கள்" இருந்த இடத்தில் எல்லாம் "நான்" இருந்தது. கீழே ஒரே ஒரு பெயர், என் பெயர். நான்கு வருடமாக எழுதியதில் என் பெயர் தனியாக அச்சில் வந்தது அன்றுதான்.

பத்திரிகையை அண்ணன் முன்னால் போட்டேன். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவர் நிதானமாகக் கண்ணாடியைத் துடைத்தார்.

"அடுத்த மாசம் ஸ்டாம்பு எக்சிபிஷன்ல என்னைய ஜட்ஜா கூப்புட்டிருக்காங்க. இந்த நேரத்துல என் பேரு கெடலாமா? உனக்கு என்ன லா? உன்னைய யாருக்குத் தெரியும்?"

மறுநாள் நோட்டுப்புத்தகத்தை எடுத்துக்கொண்டு ஜெலுத்தோங்குக்கு பஸ் ஏறினேன். அந்த அக்கா கதவைத் திறந்ததும் என் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போனார். தையல் மெஷின்மேல் கிடந்த துணிகளைத் தள்ளிவிட்டு எனக்கு மைலோ கலந்து வைத்தார். திருத்தத்தைப் படித்துவிட்டாராம்.

"பரவால்ல தங்கச்சி, தப்பு யாருக்குத்தான் வராது? ஒன்னு சொன்னா கோவிச்சிக்காதீங்க. இத்தன நாளா ஒங்க அண்ணன்தான் எல்லாம் எழுதுறாரு, தங்கச்சி பேர சும்மா பாசத்துக்குப் போடுறாருன்னு நெனச்சேன். நீங்க மன்னிப்புக் கேட்டதப் பாத்துத்தான் நீங்களும் எழுதுறீங்கன்னே தெரிஞ்சிச்சி."

எனக்குக் காதெல்லாம் சுட்டது. நான்கு வருடம் இரவு பகலாக எழுதியதில் தெரியாத என்னை, ஒரு தப்பில் கண்டுபிடித்திருக்கிறார்கள்! அதுவும் நான் செய்யாத தப்பு. நோட்டுப்புத்தகத்தை விரித்து அந்தப் பக்கத்தை அவர் முன்னால் நகர்த்தினேன். என் கையெழுத்தில் அந்த எச்சரிக்கை வரி. அதன்மேல் நீலக் கோடு. ஓரத்தில் அண்ணனின் கையெழுத்தில் "இடமில்லை" என்று ஒரு சொல்.

அவர் விரலை வைத்து அந்த வரியை இரண்டு முறை படித்தார். கோட்டுக்கு அடியில் எழுத்து நன்றாகவே தெரிந்தது. முதல் தடவையாக அவர் முகத்தில் கோபத்தைப் பார்த்தேன். எனக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

"ஒங்க அண்ணன வரச் சொல்லுங்க," என்றார். "இங்க வந்து, எங்கப்பா எழுதுன அந்தக் காயிதம் முன்னால ஒக்காந்து சொல்லச் சொல்லுங்க, எதுக்கு எடமில்லன்னு."

வீட்டுக்கு வந்து ஒரு சொல் பிசகாமல் அதை அண்ணனிடம் சொன்னேன். நீங்கள் போய்வருகிற வரைக்கும் என் பேனா உங்களுக்காக ஒரு வரிகூட எழுதாது என்றும் சொன்னேன். அவர் சிரித்தார். எழுத்து இல்லாமல் நான் இருக்க மாட்டேன் என்று அவருக்குத் தெரியும். அதில் அவர் நினைத்தது சரிதான், எங்கள் கட்டுரை வருவது நின்றுபோனபோது நான் ஞாயிற்றுக்கிழமைகளில் பத்திரிகையைக் கையால் தொடக்கூட முடியாமல் அழுதிருக்கிறேன். ஆனாலும் எழுதவில்லை. அவர் எக்சிபிஷனுக்குப் போனார், ஜட்ஜாக உட்கார்ந்தார், போட்டோவும் எடுத்துக்கொண்டார். ஜெலுத்தோங்குக்கு மட்டும் இன்றுவரை போகவில்லை.