ஓலைக் கப்பல்

மாடி வீட்டுப் பெண் போன வாரம் எனக்கு ஒரு செய்தி அனுப்பினாள். அவளுடைய இரண்டரை வயது மகன் போகிற விளையாட்டுப் பள்ளியில் கொடுத்த பட்டியலாம்: சின்னக் குழந்தைகளோடு வீட்டில் செய்யக்கூடிய எளிய ஈஸ்டர் கைவேலைகள். காகிதத் தட்டில் முயல், தெர்மாகோல் முட்டைக்குச் சாயம், குழந்தையின் உள்ளங்கையை மஞ்சள் பெயிண்டில் அமுக்கிக் கோழிக்குஞ்சு. கூடவே ஒரு குரல் பதிவு. "ஆன்ட்டி, ஈஸ்டர் எல்லாம் உங்க டிபார்ட்மென்ட்டு. இது உங்களுக்கு ஜுஜுபி."

ஐம்பதைத் தொடுகிற வயதில் யாராவது நம்மை ஒரு துறைக்குப் பொறுப்பாக்கினால் மறுக்கத் தோன்றுவதில்லை. ஆனால் விவிலியத்தை ஆதியோடந்தமாக இரண்டு தடவை படித்தும், ஈஸ்டருக்கும் முயலுக்கும் என்ன உறவு என்று எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை. ராயபுரத்தில் முயலையே நான் பார்த்ததில்லை. கைவேலையிலோ, நான் கத்தரிக்கோலை எடுத்தாலே காகிதம் தானாகக் கிழிந்து சரணடைந்துவிடும். இருந்தாலும் "பிள்ளையை அனுப்பு, பார்க்கலாம்" என்று பதில் போட்டுவிட்டு அட்டையும் பசையுமாக உட்கார்ந்தேன். உட்கார்ந்த பிறகுதான் நினைவுக்கு வந்தது, நானும் ஒரு காலத்தில் இந்தத் துறையில் வேலை பார்த்தவள் என்று. எனக்கு அப்போது எட்டு வயது.

மேலதிகாரி அத்தை. அப்பாவின், எங்கள் பேச்சில் நைனாவின், தங்கை. கோயிலில் மறைக்கல்வி டீச்சர். கன்னியாஸ்திரிகள் எங்கோ நடத்திய பயிற்சிக்கு மூன்று நாள் போய் வந்ததிலிருந்து அத்தை கையில் ஒரு நோட்டு. அதில் பால்குடி மறந்த பிள்ளைகளுக்கான ஈஸ்டர் கைவேலைகள் படத்தோடு இருந்தன. பஞ்சு ஒட்டி ஆட்டுக்குட்டி. முட்டை ஓட்டில் கண் வரைந்து கோழிக்குஞ்சு. கொட்டாங்கச்சியைக் கவிழ்த்து, வாசலுக்கு ஒரு கூழாங்கல்லை உருட்டி வைத்தால் ஆண்டவரின் கல்லறை. சின்னதுகள் தாமாகச் செய்யாது என்பதால் ஒவ்வொன்றுக்கும் ஒரு அக்காவோ அண்ணனோ பக்கத்தில் உட்கார வேண்டும் என்பது அத்தை போட்ட சட்டம். எனக்கு இரண்டரை வயதில் ஒரு தம்பி இருந்தான்.

பள்ளிக்கூட நேரம் போக மிச்ச நேரமெல்லாம் தம்பி என் இடது இடுப்பில்தான் குடியிருந்தான். அம்மா விடியுமுன்னே காசிமேட்டு ஏலத்தில் மீன் எடுத்து, கூடையில் சுமந்து தெருத்தெருவாக விற்பவள். நைனா துறைமுகத்தில் கிரேன் ஓட்டினார். ஒரு தடவை தம்பியைத் தோளில் தூக்கிக்கொண்டு போய்க் கப்பல் காட்டிவிட்டார். அதிலிருந்து அவனுக்கு உலகத்தில் நீளமாக எது இருந்தாலும் கப்பல்தான். முருங்கைக்காய் கப்பல். என் பென்சில் டப்பா கப்பல். ஒருநாள் அம்மாவின் கூடையில் கிடந்த வாளை மீனும் கப்பலானது.

கொட்டாங்கச்சிக் கல்லறையில் மட்டும் அவன் அத்தையிடம் நல்ல பேர் வாங்கினான். கூழாங்கல்லைத் தள்ளுவான், உள்ளே குனிந்து பார்ப்பான், கையை விரித்து "காணோம்!" என்பான். மறுபடி கல்லை வைப்பான், தள்ளுவான். "காணோம்!" திருச்சபை இரண்டாயிரம் வருஷமாகச் சொல்லிவருவதை இந்தப் பிள்ளை ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டதே என்று அத்தைக்குக் கண் கலங்கிவிட்டது. அவன் கலங்கவில்லை. கல்லை எடுத்து வாயில் போட்டுக்கொண்டான்.

குருத்தோலை ஞாயிறன்று பூசை முடிந்ததும், பவனியில் பிடித்த ஓலையைக் கிழித்துச் சிலுவை மடிக்க அத்தை எல்லோரையும் உட்கார வைத்தாள். பெரியவர்கள் கைபட்ட சிலுவை கால் நிமிடத்தில் முடிந்துவிடும். தம்பியின் சிலுவைக்கு அரை மணி ஆனது. நான் மடிக்க மடிக்க அவன் பிரித்தான். சிலுவையின் ஒரு கையை மென்றுவிட்டான். கடைசியில் என் ரிப்பனிலிருந்து ஒரு சிவப்பு நூலை உருவி நடுவில் கட்டினேன். ஒரு கை நீளம், ஒரு கை கடித்த மொட்டை. அதைப் பிடித்து மூக்கருகே வைத்து உற்றுப் பார்த்தவன், "கப்பலு" என்றான்.

"டேய், சிலுவைடா இது" என்றாள் அத்தை.

"கப்பலு."

"ஆண்டவரு இன்னா கப்பல்லயாடா செத்தாரு?"

"கப்பலு!"

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "பல்லக் காட்டாதடீ, அவனுக்குச் சொல்லிக் குடு" என்று எனக்கு ஒரு குட்டு விழுந்தது.

அன்று சாயங்காலம்வரை அந்தச் சிலுவை குழாயடிப் பள்ளத்தில் தேங்கிய தண்ணீரில் மிதந்தது. அம்மா வந்து பார்த்து, இடுப்பைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். பிறகு அதை முந்தானையில் துடைத்து, வழக்கமாக ஓலை சொருகும் இருதய ஆண்டவர் படத்துக்குப் பின்னால் வைத்தாள். "கப்பலு கரைக்கு வந்துடுச்சு கண்ணு. இங்கியே நிக்கட்டும்" என்று தம்பியிடம் சொன்னாள்.

அந்த வருஷ மழையில் எங்கள் தெருவில் முழங்கால் தண்ணீர் நின்றது. தம்பிக்கு வயிற்றால் போனது. என்னை அத்தை வீட்டில் விட்டுவிட்டு அம்மாவும் நைனாவும் அவனைத் தூக்கிக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். மூன்றாம் நாள் என்னை வீட்டுக்குக் கூட்டிவந்தபோது வாசலில் நிறையச் செருப்புகள். தம்பி சம்மனசு ஆகிவிட்டான் என்று அத்தை சொன்னாள். எங்கள் கோயிலைச் சேர்ந்தவர்கள் தேவதூதனை அப்படித்தான் சொல்வார்கள். சின்னப் பிள்ளை செத்தாலும் அதையேதான். சம்மனசுகளைக் கோயில் கூரையில் பார்த்திருக்கிறேன். எல்லாம் கொழுகொழுவென்று நன்றாகச் சாப்பிடுகிற பிள்ளைகள். அதனால் எனக்குப் பெரிய கவலை ஏதும் இருக்கவில்லை. நடக்கும்போது மட்டும் பழக்கத்தில் ஒரு பக்கம் சாய்ந்தே நடந்தேன். வகுப்பில் "அச்சு ஒடிஞ்ச ரிக்ஷா" என்று கேலி செய்தார்கள்.

அம்மா பத்தாம் நாளே கூடையைத் தூக்கிவிட்டாள். தம்பியின் சட்டைகளைக் கேட்டவர்களுக்குக் கொடுத்தாள். அவனைப் போட்டோ எடுத்ததில்லை. அடுத்த கிறிஸ்துமஸுக்கு ஸ்டூடியோ போகலாம் என்று நைனா சொல்லிவைத்திருந்தார். அவன் இருந்ததற்கு வீட்டில் ஒரு அடையாளமும் மிச்சமில்லை என்றுதான் எல்லோரும் நினைத்தோம். அப்படி நினைக்காத ஒருத்தி வீட்டிலேயே இருந்தாள். அவள் சொல்லவில்லை.

பிப்ரவரியில் சாம்பல் புதன் நெருங்கியது. வருஷம் முழுக்க வீட்டில் சொருகி வைத்திருந்த மந்திரித்த ஓலைகளைத் திரட்டி, முந்தின நாள் எரித்து, அந்தச் சாம்பலைத்தான் புதனன்று எல்லோர் நெற்றியிலும் பூசுவார்கள். வீடு வீடாகப் போய் ஓலை வாங்கிவரும் வேலையை அத்தை எங்களுக்குக் கொடுத்தாள். அதிகம் கொண்டுவருகிறவர்களுக்கு இருட்டில் பச்சையாக மின்னும் ஜெபமாலை. ரேடியம் ஜெபமாலை என்போம். பக்தியை வளர்க்க அதைவிடச் சிறந்த சாதனத்தை நான் பிறகும் கண்டதில்லை. தெரு முழுக்க ஓடினேன். செவ்வாய்க்கிழமை காலையில் நானும் கோடிவீட்டுப் பெண்ணும் சமமாக நின்றோம். அவளுக்குச் சொந்தக்காரர்கள் அதிகம். மத்தியானத்துக்குள் எங்கிருந்தாவது இன்னொன்று வந்துவிடும்.

எங்கள் வீட்டு ஓலையை அம்மா ஞாயிறன்றே எடுத்துக் கொடுத்திருந்தாள். நீள ஓலையை மட்டும் உருவினாள். பக்கத்திலிருந்த சின்னதைத் தொடவில்லை. நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். பாவம், அவளுக்கு மறதி என்று நினைத்தேன். அம்மா ஏலத்துக்குப் போயிருந்த நேரம், ஸ்டூல் போட்டு ஏறி, அதை எடுத்தேன். சிவப்பு நூலைக் கண்டதும் எது என்று தெரிந்தது. தம்பியுடையதும் கோயிலுக்குச் சேரட்டும், சம்மனசுக்கு அதுதானே பிடிக்கும் என்று எனக்கு நானே நியாயமும் சொல்லிக்கொண்டேன். எட்டு வயதில் எனக்கு இறையியல் சுலபமாக வந்தது.

மாலையில் கோயில் பின்பக்கம் ஒரு பழைய இரும்புச் சட்டியில் ஓலைகளைப் போட்டுக் கொளுத்தினார்கள். காய்ந்த ஓலை எரிய எவ்வளவு நேரம்? நாங்கள் ஒரு பாட்டை ஆரம்பித்தோம். பல்லவி முடிவதற்குள் தீ முடிந்துவிட்டது. அத்தை ஜெபமாலையை என் கழுத்தில் மாட்டினாள். வீட்டுக்கு ஓடி, எல்லாக் கதவையும் சாத்தி, அது மின்னுகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தபோது அம்மா உள்ளே வந்தாள். தவக்காலம் தொடங்குவதால் படத்தைத் துடைக்கக் கழற்றினாள். பின்னால் தடவினாள். தரையில் தேடினாள். படத்தைத் திருப்பிப் பார்த்தாள்.

"இங்க சொருகி இருந்தது எங்கடி?"

"கோயிலுக்குக் குடுத்துட்டேம்மா. நான்தான் ஃபர்ஸ்ட்டு, தெரியுமா? பாரு, எப்டி மின்னுது."

அம்மா மீன் சேலையோடு, காலில் செருப்பில்லாமல் ஓடினாள். நான் ஜெபமாலையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு பின்னால் ஓடினேன். திருப்பிக் கேட்டுவிடப் போகிறாளே என்பதுதான் என் பயம். கோயில் பின்பக்கம் அத்தை டீ வடிகட்டியில் சாம்பலைச் சலித்து ஒரு டப்பாவில் நிரப்பிக்கொண்டிருந்தாள்.

"எல்லாத்தையும் எரிச்சுட்டியா?" என்றாள் அம்மா, மூச்சு வாங்க.

"இன்னா அண்ணி ஆச்சு? மந்திரிச்ச ஓலைய எரிச்சுத்தான அண்ணி ஆவணும். அதான முறை."

"முறை எனக்கும் தெரியும்." அம்மா டப்பாவைப் பார்த்துக்கொண்டே நின்றாள். "அவன் கடிச்ச ஓலை. அதுல அவன் பல்லு பட்டிருந்துது."

அத்தையின் கையில் வடிகட்டி அப்படியே நின்றது. அம்மா ஒரு விரலை டப்பாவுக்குள் விடப்போனாள். பிறகு, இன்னும் மந்திரிக்காத சாம்பலானாலும் கோயில் சொத்து என்று தோன்றியதோ என்னவோ, கையை இழுத்துக்கொண்டாள். வீடு திரும்புகிற வழியெல்லாம் முதுகில் அறை விழும் என்று தோளைக் குறுக்கிக்கொண்டு நடந்தேன். விழவில்லை. தப்பித்தேன் என்று இருந்தது.

புதன் காலை அம்மா காசிமேட்டுக்குப் போகவில்லை. தவக்காலத்தின் முதல் நாள். எங்கள் ஆட்கள் கறியை விட்டுவிட்டு மீனுக்கு வருகிற நாள், நல்ல வியாபாரம். அம்மா முதல் பூசைக்குப் போய் நெற்றியில் சாம்பல் பூசிக்கொண்டு வந்தாள். நைனாவும் பூசிக்கொண்டு துறைமுகத்துக்குப் போனார். நானும் அம்மாவும் கடைக்குப் போனபோது அம்மா எதிரில் வருகிறவர்களின் நெற்றியையே பார்த்துக்கொண்டு வந்தாள். பால்காரர் நெற்றி, ரிக்ஷாக்காரர் நெற்றி, பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகளின் நெற்றி. சாம்பல் இருந்த ஒவ்வொரு நெற்றியிலும் கண் கொஞ்சம் நின்று நகர்ந்தது. யார் யார் கோயிலுக்கு வந்தார்கள் என்று கணக்கெடுக்கிறாள், இனி அத்தைக்குப் போட்டியாக இவளும் கிளம்பிவிடுவாள் என்று நினைத்தேன்.

சாயங்காலப் பூசைக்கு மறைக்கல்விப் பிள்ளைகள் வந்தே ஆகவேண்டும். அம்மாவும் என்னோடு வந்தாள். சாம்பல் பூசும் நேரம் எனக்குப் பின்னால் அவளும் வரிசையில் நின்றாள். கோடிவீட்டுப் பெண் பார்த்துக்கொண்டிருந்தாள். எனக்கு மானம் போனது. சேலையைப் பிடித்து இழுத்தேன்.

"அம்மா, நீ காலைலயே வாங்கிக்கின. ரெண்டு தபா வாங்கக் கூடாதும்மா."

அம்மா நகர்ந்து முன்னால் போனாள். சாமியார் அவள் நெற்றியில் ஏற்கனவே இருந்த கறுப்பைக் கண்டு ஒரு நொடி தயங்கினார். சாம்பல் தட்டைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்ற அத்தை, தலையைக் குனிந்துகொண்டு, தட்டை அம்மாவின் பக்கம் இன்னும் கொஞ்சம் நீட்டினாள். சாமியார் விரலைத் தோய்த்து, பழைய சாம்பலுக்கு மேலேயே பூசினார். அம்மா கண்ணை மூடியிருந்தாள். அடுத்தவர் முட்டும்வரை நகரவில்லை.

வீட்டுக்கு வந்ததும் வாசற்படியில் உட்கார்ந்தாள். கூடையை இறக்கிய கையோடு சோப்புப் போட்டு முகம் கழுவுகிறவள். மீன் வாடை தன்னோடு வீட்டுக்குள் வரக்கூடாது என்பாள். அன்று காலையிலிருந்து அவள் முகத்தில் தண்ணீர் படவில்லை. வேர்வையில் சாம்பல் கரைந்து புருவம்வரை இறங்கியிருந்தது. இரண்டு நாளாக என்மேல் ஏதோ மனத்தாங்கல் என்கிற அளவுக்கு எனக்கும் புரிந்திருந்தது. நல்ல பிள்ளையாக ஏதாவது செய்து சரிக்கட்டிவிட வேண்டும். குழாயடிக்குப் போய்ச் சொம்பில் தண்ணீர் பிடித்து, சோப்பு டப்பாவையும் எடுத்துக்கொண்டு வந்து நீட்டினேன்.

"மூஞ்சக் கழுவிக்கோம்மா. அழுக்கா கீது."

அம்மா சொம்பை வாங்கினாள். கொஞ்ச நேரம் கையில் வைத்துக்கொண்டிருந்தாள். பிறகு அண்ணாந்து, முகத்தில் ஒரு சொட்டுக்கூடத் தெறிக்காமல், முழுவதையும் குடித்தாள்.

அன்றைக்கு ஒருசந்தி விரதம், ஒரே வேளைதான் சாப்பாடு. தாகமாக இருந்திருக்கும் என்று எண்ணிக்கொண்டு, இன்னொரு சொம்பு பிடித்துவர ஓடினேன்.