மாமாவின் அச்சு அரசாங்கத்துக்குப் போன நாள்

மூன்றாம் வகுப்பை இரண்டு தடவை படித்தும் பிடிபடாமல் பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். ஆனால் எட்டு வயதில் ஒரே ஒரு கேள்விக்குத் தப்பில்லாமல் பதில் சொல்லியிருக்கிறேன். அன்றைக்கும் வழக்கம்போல முழித்துக்கொண்டு நின்றிருந்தால் எல்லாருக்கும் நன்றாக இருந்திருக்கும்.

பெரிய காஞ்சிபுரத்தில் அப்போது ஒரு பட்டுக் கம்பெனி மூடிக் கிடந்தது. முதலாளி நொடித்துப்போய், விஷயம் கோர்ட்டுக்குப் போய், தறிக் கொட்டகைக்கு சீல் வைத்துவிட்டார்கள். கேட்டுக்குக் காவல் எங்கள் அப்பா. கேட்டை ஒட்டிய ஒற்றை அறையில்தான் குடியிருந்தோம். வருகிறவர் போகிறவரிடமெல்லாம் “இது எங்க கம்பெனி” என்று சொல்லிக்கொள்வேன். முதலாளியே அப்படிச் சொல்வதை நிறுத்திய பிறகும் நான் நிறுத்தவில்லை.

நல்ல மெஷின்களை ஏலத்தில் எடுத்துப் போய்விட்டார்கள். யாரும் சீண்டாமல் மிஞ்சியது கொட்டகையும் பழைய மரத்தறிகளும். கம்பெனியின் பெயரையே அரசாங்கப் பதிவிலிருந்து அடித்துவிடப் போவதால், மிச்சமெல்லாம் அரசாங்கத்துக்கு என்று முடிவாகியிருந்தது. திங்கட்கிழமை கோர்ட் அனுப்பும் சார் ஒருவரும் தாலுகா ஆபீஸ் மேடமும் வருவார்கள். சீலை உடைத்து, உள்ளே இருப்பதைப் பட்டியல் போட்டு, சார் கொடுக்க மேடம் வாங்கிக்கொள்வார். சாயங்காலம் அரசாங்கப் பூட்டு விழும்.

அந்தக் கொட்டகைக்குள் மாமாவின் அச்சு மாட்டிக்கொண்டிருந்தது. மாமா அம்மாவின் தம்பி, அங்கே நாலாம் தறியில் நெய்தவர். தறியும் நூலும் முதலாளியுடையது. இழைகளைக் கோத்து நெய்கிற, சீப்பு மாதிரியான அச்சும், இழைகளைத் தூக்கி இறக்கும் விழுதும் நெய்கிறவர் தன் வீட்டிலிருந்து கொண்டுவருவது. சேலையை அறுத்து இறக்கும்போது அச்சில் முழ நீளத்துக்குப் பழைய இழைகளை வால் மாதிரி விட்டுவைப்பார்கள். அடுத்த சேலைக்கு நீளவாட்டில் ஓடும் நூலான பாவு வந்ததும் அதன் ஒவ்வொரு இழையையும் அந்த வாலோடு முறுக்கிப் பிணைத்துவிட்டால் ஒரே நாளில் தறி ஓடும். வால் இல்லையென்றால் ஆயிரக்கணக்கான இழைகளை முதலிலிருந்து ஒவ்வொன்றாகக் கோக்க வேண்டும். நாலு நாள் முதுகு ஒடியும்.

பக்கத்து ஊரான முசரவாக்கத்தில் ஒருவர் மாமாவுக்குத் தறி கொடுத்து, கல்யாணச் சேலைக்குப் பாவும் தருவதாகச் சொல்லியிருந்தார். புதன்கிழமை தறி ஓட வேண்டும். இல்லாவிட்டால் பாவு வேறு ஆளுக்கு.

ஞாயிற்றுக்கிழமை மாமா வந்து அப்பாவிடம் மன்றாடினார்.

“மச்சான், அச்சு என்னுதுன்னு நீ ஒரு வார்த்தை சொல்லுப்பா. உன் பேச்சைத்தான் கேப்பாங்க.”

“நானே பயந்துக்கினு இருக்கறேன். ஒரு ஆணி குறைஞ்சாலும் என் தலையிலதான் வந்து விடியும்.”

அந்தப் பயம் மறுநாள் காலை என் பக்கம் திரும்பியது. நான் ‘எங்க கம்பெனி’ புராணத்தை எடுத்துவிட்டால், அப்பா எல்லாவற்றையும் சொந்தமாக்கிக்கொண்டார் என்று அவர்கள் நினைத்துவிட்டால்? என்னை உட்காரவைத்து ஒரு பாடம் சொல்லிக்கொடுத்தார். யாராவது கேட்டால் சொல்ல வேண்டியது: “இங்க இருக்கறது எல்லாம் கவர்மெண்டுது சார். எங்களுது ஒண்ணும் இல்ல.” பத்து தடவை சொல்லவைத்தார். வாய்ப்பாடு ஏறாத மண்டையில் இது ஏறிவிட்டது.

பதினொரு மணிக்கு சீலை உடைத்தார்கள். உள்ளே சிலந்திவலையும் எலிப்புழுக்கையும். சார் ஒவ்வொரு தறியாகச் சொல்லிக்கொண்டே எழுத, மேடம் தன் தாளில் டிக் போட்டுக்கொண்டே வந்தார். மாமா வாசல்படியில் நின்று உள்ளங்கையை லுங்கியில் துடைத்துத் துடைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். மூன்றாம் தறி முடிந்ததும் உள்ளே வந்துவிட்டார்.

“சார், நாலாம் தறில இருக்கற அச்சு என்னுது.”

“பில் இருக்குதா?”

“அச்சுக்கு யாரு சார் பில்லு குடுப்பாங்க? இந்தத் தெருவுல யாரை வேணா கேளுங்க.”

சார் குனிந்து பார்த்தார். “சரி, உன்னுதுன்னே வெச்சிக்குவோம். அதுல தொங்கற பட்டு?”

மாமா தலையைச் சொறிந்தார். “அது கம்பெனி நூலுதான் சார்.” எங்கள் வம்சத்துக்கே சமயத்தில் பொய் வராது.

“அப்போ நூலை அறுத்துட்டு அச்சை எடுத்துக்க.”

“அறுத்துட்டா அது வெறும் சீப்பு சார். தலை வாரத்தான் ஆவும்.”

மேடம் சிரித்துவிட்டார். “ஒரு முழம் நூலை வாங்கி நாங்க என்ன சார் பண்ணப் போறோம். விட்டுடுங்களேன்.”

சார் பேனா மூடியைக் கடித்தபடி யோசித்தார். மாமாவின் கை அதற்குள் அச்சின் மேல் போய் உட்கார்ந்துவிட்டது. சார் அப்பா பக்கம் திரும்பினார்.

“ஏம்பா வாட்ச்மேன், நீதான இத்தனை நாளா காவலு. இது அவருதுதானா?”

அப்பா சாவிக்கொத்தைப் பார்த்தார். மாமா அப்பாவைப் பார்த்தார். அப்பா சாவிகளை ஒவ்வொன்றாக எண்ண ஆரம்பித்தார். எனக்குத் திக்கென்றது. பத்து தடவை சொல்லிக்கொடுத்தவரே பாடத்தை மறந்துவிட்டார். நான் மறப்பேனா? இரண்டு எட்டு முன்னால் போய், கையைக் கட்டிக்கொண்டு, கொட்டகையே எதிரொலிக்கச் சொன்னேன்: “இங்க இருக்கறது எல்லாம் கவர்மெண்டுது சார். எங்களுது ஒண்ணும் இல்ல.” கூடுதல் மதிப்பெண்ணுக்காக நாலாம் தறியைத் தட்டியும் காட்டினேன்.

யாரும் சிரிக்கவில்லை. சார் பேனாவை நிமிர்த்தினார்.

“வாட்ச்மேன் வூட்டுப் பையனே சொல்றான். நாளைக்கு எவனாவது பெட்டிஷன் எழுதிப்போட்டா நான் என்னான்னு பதில் சொல்றது?” சொல்லிக்கொண்டே எழுதினார். தறி நாலு. அச்சு, விழுது, நூலுடன்.

மேடம் தலையைக் குனிந்து டிக் போட்டார். கடைசியில் சாட்சிக் கையெழுத்து அப்பாவுடையது. மாமா அச்சிலிருந்து கையை எடுத்துக்கொண்டு, வந்த வழியே போனார்.

கல்யாணப் பாவு வேறு ஆளுக்குப் போய்விட்டது. கொஞ்ச நாள் கழித்து, அதே முசரவாக்கத்தில் மாமாவுக்குச் சாதாரணப் பாவு ஒன்று கிடைத்தது. யாரிடமோ வால் இல்லாத ஒரு பழைய அச்சை இரவல் வாங்கினார். இழை எடுத்துக் கொடுக்க ஆள் வேண்டும். பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் சுற்றிக்கொண்டிருந்த என்னை சைக்கிளில் வைத்து அழைத்துப் போனார். தறிக்கு அந்தப் பக்கம் நான், இந்தப் பக்கம் அவர். நான் இழையை நீட்ட, அவர் கொக்கியால் இழுத்துக் கோப்பார். நாலு நாள் அதே வேலை. மாமா இழையை விட்டுக் கண்ணை எடுக்கவே இல்லை. எனக்குத்தான் வாய் சும்மா இருக்காதே.

“மாமா, அன்னிக்கு நான் கரெக்ட்டா சொன்னேன் இல்ல?”

கொக்கி பாதியில் நின்றது. “கரெக்ட்டுதான்டா. இழையைக் குடு.”

எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. சாயங்காலம் வீட்டுக்குப் போனதும் அப்பாவிடமும் அதையே கேட்டேன். அவர் சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே நடந்தார். காதில் விழவில்லை போலிருக்கிறது என்று தெருமுனை வரை பின்னாலேயே ஓடி, இன்னும் சத்தமாகக் கேட்டேன்.