உப்புப் பார்த்த விரல்

கிறிஸ்மஸுக்கு முந்திய இரண்டு கிழமையும் கொட்டாஞ்சேனையில் எங்கள் குசினி ஒரு சின்ன இறைச்சிக்கடைதான். லிங்குஸ் என்று நாங்கள் சொல்கிற பன்றி இறைச்சிச் சொசேஜ் செய்து விற்கிறேன். அரைத்த இறைச்சியில் மிளகு, கராம்பு, வினாகிரி எல்லாம் போட்டுக் கையால் பிசைய வேண்டும். குடலுக்குள் அடைத்துவிட்டால் பிறகு உப்பைக் கூட்டவோ குறைக்கவோ முடியாது. அதனால் அடைக்கும் முன்பே உப்புப் பார்ப்போம், பச்சையாகவே. விரல் நுனியில் கொஞ்சம் எடுத்து நாக்கில் வைத்துத் துப்பிவிடுவது. அது சாப்பிடுவதில் சேர்த்தியில்லை. இறைச்சி தொடாத சுத்தபோசன வெள்ளிக்கிழமையில்கூட உப்புப் பார்த்துத் துப்பினால் பாவமில்லை என்பது எங்கள் வீட்டுச் சட்டம். பாவக் கணக்கில் சேராதது நோய்க் கணக்கில் சேரும் என்று யார் யோசித்தோம்?

என் நாக்கை நான் நம்புவதில்லை. தங்கச்சியின் நாக்குத்தான் எங்களுக்குத் தராசு. ஏழு வருடத்துக்கு முன் அவள் முதல் பிள்ளையைச் சுமந்துகொண்டு வெள்ளவத்தையிலிருந்து உதவிக்கு வந்திருந்தாள். "ஆ காட்டு" என்று பிசைந்த கையாலேயே அவள் வாயில் வைத்தேன்.

"இன்னும் கொஞ்சம் போடுங்கோ அக்கா" என்றாள். துப்புவதற்கு எழும்பப் பஞ்சிப்பட்டு விழுங்கியும் விட்டாள். வயிறு தடக்குகிறதென்று இருவரும் சிரித்தோம்.

அடுத்த மாதம் அவளுக்குக் காய்ச்சல், கழுத்தில் நெறி கட்டியது. டெங்கு இல்லை என்று வந்ததும் மாதாவுக்கு மெழுகுதிரி கொளுத்தினோம். அவசரப்பட்டுக் கொளுத்திவிட்டோம். கிளினிக்கில் திரும்பவும் இரத்தம் எடுத்தார்கள். பிறகு டொக்டர் எங்கள் இருவரையும் உள்ளே கூப்பிட்டு, "வீட்டில பூனை இருக்கோ?" என்று கேட்டார்.

இருந்தது. தங்கச்சி மாடிவீட்டில் வளர்த்த சாம்பல் பூனை.

இது ஒரு ஒட்டுண்ணி, தாய்க்கு ஒரு காய்ச்சலோடு போய்விடும், வயிற்றுப் பிள்ளைக்குப் போனால் கண்ணையும் மூளையையும் பிடிக்கும் என்றார். பூனையைத் தடவுவதால் வருவது குறைவு, ஒரு நாளுக்கு மேல் அள்ளாமல் கிடக்கிற அதன் மலத்தால்தான் வரும் என்றார். அது கலந்த மண்ணாலும், சரியாகக் கழுவாத கீரையாலும், வேகாத இறைச்சியாலும் வரும் என்று பொறுமையாகச் சொன்னார். பூனைக்குப் பிறகு அவர் சொன்ன எதுவும் தங்கச்சியின் காதில் ஏறவில்லை.

"பச்சை இறைச்சி ஏதும் சாப்பிட்டனீங்களோ?"

"ஐயோ, இல்லை டொக்டர். நாங்கள் பச்சையா ஒண்டும் சாப்பிடுறேல்லை."

அவள் பொய் சொல்லவில்லை. உப்புப் பார்ப்பது சாப்பிடுவதா என்ன? பக்கத்துக் கதிரையில் இருந்த எனக்கு மட்டும் அந்த விரல் ஞாபகம் வந்தது. கையை மடிக்குள் மறைத்துக்கொண்டு வாயை மூடிக்கொண்டிருந்தேன். எதால் வந்ததென்று இரத்தம் சொல்லாது என்று டொக்டர் கடைசியில் சொன்னார். அந்த வசனத்துக்குப் பின்னால் நான் ஏழு வருடம் ஒளிந்திருந்தேன். சொன்னாலும் சொல்லாவிட்டாலும் மருந்து ஒன்றுதானே என்று எனக்கு நானே சமாதானமும் சொல்லிக்கொண்டேன்.

பூனையைச் சாக்கில் போட்டுக் கட்டியது நான்தான். ஓட்டோ பிடித்து முகத்துவாரத்தில் வள்ளங்கள் நிற்கிற பக்கம் விட்டுவிட்டு வந்தேன். அங்கே மீனுக்குக் குறைவில்லை என்று தங்கச்சியிடம் சொன்னேன். அவள் அன்று முழுக்க அழுதாள்.

மருந்து குடித்தும் பிள்ளையின் வலது கண்ணின் நடுவில் தழும்பு விழுந்துவிட்டது. தங்கச்சியின் மகளுக்கு இப்போது ஆறு வயது. நல்ல கண்ணைக் கையால் பொத்திக்கொண்டு ஆட்களைப் பார்ப்பது அவளுக்கு ஒரு விளையாட்டு. "பெரியம்மா, உங்கட காது ரெண்டும் இருக்கு, முகத்தைக் காணேல்லை" என்பாள். எல்லோரும் சிரிப்பார்கள். எனக்கு அந்த இடத்திலேயே செத்துப்போகலாம் போலிருக்கும்.

அதற்குப் பிறகு நான் ஒரு துண்டைத் தாச்சியில் பொரித்து, உள்ளே சிவப்புப் போனபிறகுதான் உப்புப் பார்க்கிறேன். பலகையையும் கத்தியையும் கையையும் சவர்க்காரம் போட்டுத் தேய்க்கிறேன். பிள்ளையோடு மினக்கெட்டதில் தங்கச்சி அந்த வருடங்களில் என் குசினிப் பக்கம் வரவேயில்லை.

போன மார்கழியில்தான் வந்தாள். தம்பியின் மனைவியும் வந்திருந்தாள், வயிற்றில் நாலு மாதம். வாசலில் ஓடர் எடுக்க வந்தவரோடு நான் கதைத்துக்கொண்டிருக்க, உள்ளே தங்கச்சி அவளுக்குப் புத்தி சொல்வது கேட்டது. "பூனை இருக்கிற வீட்டுப் பக்கமே போகாதைங்கோ மச்சாள். என்ரை பிள்ளையின்ரை கண்ணை நாசமாக்கினது ஒரு பூனைதான்."

நான் திரும்பி வந்தபோது தங்கச்சியின் கை இறைச்சிச் சட்டிக்குள் இருந்தது. பிசைந்த விரலில் கொஞ்சம் எடுத்துத் தம்பியின் மனைவியின் வாய்க்கு நேரே நீட்டினாள்.

"உப்புக் காணுமோ பாருங்கோ."

பாய்ந்துபோய்த் தங்கச்சியின் கையைத் தட்டினேன். இறைச்சி நிலத்தில் விழுந்தது. "பச்சையா வாயில வைக்கக் கூடாது!" என்று கத்திவிட்டேன். தம்பியின் மனைவி பயந்து சுவரோடு ஒதுங்கினாள்.

தங்கச்சி நிலத்தில் கிடந்ததைப் பார்த்தாள். தாச்சியில் நான் பொரித்து வைத்திருந்த துண்டைப் பார்த்தாள். பிறகு தன் விரலைப் பார்த்தாள்.

"அப்ப பூனை?" என்று மெதுவாகக் கேட்டாள்.